கமராவுக்குப் பக்கத்துக் கதிரை

ஒருவருக்காகக் காத்திருக்கும் மனிதரிடம், அவர் இனி வரமாட்டார் என்று சொல்லும் உரிமை யாருக்கு இருக்கிறது? சொல்லாமல் விடும் உரிமைதான் யாருக்கு இருக்கிறது? சென்ற இலையுதிர் காலத்திலிருந்து இந்தக் கேள்வியோடுதான் மகளுக்குச் சோறு தீத்துகிறேன், உடுப்புத் தோய்க்கிறேன், அவளை விளையாட்டுத் திடலுக்குக் கூட்டிப்போகிறேன். பதில் கிடைக்கவில்லை. இதை எழுதலாமா என்றும் பல தடவை யோசித்தேன். அப்பா வாசிக்க நேர்ந்தால் என்ன செய்வது? அவர் இணையத்தில் பார்ப்பது ஊர்ச் செய்தியும் மரண அறிவித்தலும் மட்டும்தான். ஆனாலும் உறவினர் யாராவது வாசித்துக் காட்டக்கூடும். அதனால் ஒருவருடைய பெயரையும் எழுதவில்லை. எங்கள் குடும்பத்தை அறிந்தவர்கள் இதில் எங்களைக் கண்டுகொண்டால், நான் ஒரு முடிவுக்கு வரும்வரை தயவுசெய்து பேசாமல் இருங்கள்.

நான் சொல்ல வந்தது பெரியப்பாவைப் பற்றி. அவரை நினைத்தால் அவருடைய பார்வைதான் முதலில் வருகிறது. ஜேர்மன் தொலைக்காட்சியின் ஆவணப்படங்களில் அவர் வருவார். பின்னால் புத்தக அலுமாரி, பக்கத்தில் மேசை விளக்கு, எப்போதும் அதே மண்ணிறக் கோட்டு. எந்த நாட்டில் எந்தப் படை ஏன் நிற்கிறது, அங்கே ஜேர்மன் சிப்பாய்களுக்கு என்ன வேலை, பேர்லினில் இருக்கும் அமைச்சர்கள் எதைச் சொல்லி எதைச் சொல்லாமல் விடுகிறார்கள் என்று நிதானமாக விளக்குவார். ஆனால் எங்களைப் பார்க்கமாட்டார். தொலைக்காட்சிப் பெட்டிக்குச் சற்று இடப்பக்கமாக, எங்கள் வீட்டில் வெப்பமூட்டி இருந்த இடத்தைப் பார்த்தபடிதான் பேசுவார். ஏழு எட்டு வயதில் நான் எழும்பிப்போய் அந்த வெப்பமூட்டிக்குப் பக்கத்தில் நிற்பேன், அவர் என்னைப் பார்க்கட்டும் என்று. அங்கே நின்றால் திரை சரியாகத் தெரியாது. அவர் முகம் ஒரு பக்கமாக நசுங்கி, வெறும் வெளிச்சமாகத் தெரியும்.

பெரியப்பா அப்பாவின் மூத்த அண்ணன். எண்பதுகளில் கிழக்குப் பேர்லினின் ஷோனெஃபெல்ட் விமான நிலையத்தில் இறங்கி, ரயிலேறி மேற்குப் பக்கத்துக்கு வந்தவர். அப்பா அவருக்குப் பின்னால் வந்தார். இருவரும் ஹம்பேர்க்கில் ஒரே அறையில் இருந்து, ஒரே கட்டிலில் முறை வைத்துப் படுத்தவர்கள். பிறகு அப்பா ஒரு முதியோர் இல்லத்தின் சமையலறையில் வேலைக்குச் சேர்ந்து இன்றுவரை அங்கேயே இருக்கிறார். பெரியப்பா பல்கலைக்கழகத்துக்குப் போனார். போர் எப்படித் தொடங்குகிறது, எப்படி நிற்கிறது, நடுவில் போய் நிற்கும் படைகள் ஏன் சில இடங்களில் உதவுகின்றன, ஏன் சில இடங்களில் வேடிக்கை பார்க்கின்றன என்பதுதான் அவருடைய படிப்பு. ஜேர்மன் சிப்பாய்களை வெளிநாடுகளுக்கு அனுப்பத் தொடங்கிய காலத்தில், அதைச் சனங்களுக்கு விளக்கிச் சொல்ல ஆட்கள் தேவைப்பட்டார்கள். போரிலிருந்து தப்பி வந்தவர், தெளிவாக ஜேர்மன் பேசுபவர், கோபப்படாதவர். படம் எடுப்பவர்களுக்கு அவரைப் பிடித்துப்போனது. கலியாணம் கட்டவில்லை. அவருக்கு வீடென்று இருந்தது எங்கள் வீடுதான்.

அவர் வரும் படம் ஒளிபரப்பாகும் நாளில் எங்கள் வரவேற்பறை நிரம்பிவிடும். அம்மா மட்டன் ரோல்ஸ் செய்வா. திரையில் அவருடைய நெஞ்சுக்குக் கீழே பெயரும் 'சமாதான ஆய்வாளர்' என்ற பட்டமும் பட்டியாக ஓடும்போது எல்லோரும் ஒருமுறை நிமிர்ந்து இருப்பார்கள். பின்னாளில் நான் அதே தொழிலுக்குப் போனபோது, அந்தப் பட்டியை ஜேர்மனில் 'வயிற்றுப் பட்டி' என்று அழைப்பார்கள் என்று தெரிந்து, அம்மாவிடம் சொல்லிச் சிரித்தேன். வந்திருப்பவர்களில் பாதிப் பேருக்கு அவர் பேசும் ஜேர்மன் விளங்காது. நான்தான் மொழிபெயர்ப்பாளர்.

"இப்ப என்ன சொல்லுறார், பிள்ளை?"

"அங்கை நடக்கிறதைப் போர் எண்டு சொல்ல அரசாங்கம் பயப்பிடுதாம். பேர் சொல்லாட்டில் அதை முடிக்கவும் ஏலாதாம்."

"அது சரி. சமாதானத்தை இன்னும் கண்டுபிடிக்கேல்லையோ, இவ்வளவு நாளா ஆராய்ஞ்சுகொண்டே இருக்கிறார்?" என்று அம்மாவின் தம்பி கேட்பார். ரோல்ஸ் வாயோடு எல்லோரும் சிரிப்பார்கள். அப்பா மட்டும் சிரிக்கமாட்டார். "உஷ்" என்று கையைக் காட்டிவிட்டுத் தனக்கு விளங்காத சொற்களுக்கும் தலையாட்டிக்கொண்டிருப்பார்.

பெரியப்பாவிடம் ஒரு கட்டுப்பாடு இருந்தது. எங்கள் நாட்டுப் போரைப் பற்றிக் கமராவுக்கு முன்னால் பேசமாட்டார். எத்தனையோ பேர் கேட்டிருக்கிறார்கள். "மற்ற ஊர் எண்டால் நான் ஆய்வாளன். எங்கடை ஊர் எண்டால் நான் அழுகிற ஆள். அழுகிற ஆளை அவைக்குத் தேவையெண்டால் வேறை ஆரையும் பிடிக்கட்டும்" என்று ஒருநாள் எங்கள் வீட்டுக் குசினியில் நின்று அம்மாவிடம் சொன்னது ஞாபகம் இருக்கிறது. அம்மா தேநீரை நீட்டியபடி, "சரி அத்தான், இதைக் குடிச்சிட்டு ஆய்வு செய்யுங்கோ, ஆறப்போகுது" என்றா.

சகோதரர்கள் மூன்று பேர். கடைசித் தம்பி, என் சித்தப்பா, இங்கே வரவில்லை. இளம் வயதிலேயே இயக்கத்துக்குப் போய்விட்டார். போர்நிறுத்தம் வந்த காலத்தில் ஒருமுறை தொலைபேசியில் கதைத்தார். நான் ஜேர்மன் பள்ளிக்கூடத்தில் என்ன படிக்கிறேன் என்று கேட்டார். அவருக்குச் சொல்வதற்கு அன்று எனக்குத் தமிழ்ச் சொற்கள் போதவில்லை. "மரங்கள்" என்றேன். அவர் கனநேரம் சிரித்தார். அதற்குப் பிறகு அவருடைய குரலை யாரும் கேட்கவில்லை.

கடைசி மாதங்களில் சனங்கள் ஒரு சிறு துண்டு நிலத்துக்குள் அடைபட்டுக் கிடந்தபோது, ஹம்பேர்க் பிரதான ரயில் நிலையத்துக்கு முன்னால் எங்கள் ஆட்கள் போரை நிறுத்தச் சொல்லி ஒவ்வொரு நாளும் குளிரில் நின்றார்கள். அப்பா வேலை முடிந்து சமையலறை வெங்காய மணத்தோடு நேரே அங்கே போய்விடுவார். நானும் பள்ளிக்கூடப் பையோடு போய் நிற்பேன். எங்களைத் தாண்டி ஜேர்மன்காரர்கள் ரயிலுக்கு ஓடினார்கள். ஒருநாள் அப்பா அங்கிருந்து நேரே பெரியப்பாவின் வீட்டுக்கு என்னையும் கூட்டிக்கொண்டு போனார். கோட்டைக்கூடக் கழற்றவில்லை.

"அண்ணை, உங்களை எல்லாருக்கும் தெரியும். நீங்கள் சொன்னால் கேப்பினம். தம்பி உள்ளுக்கை நிக்கிறான். அவனுக்காகவெண்டாலும் ஒருக்கால் கதையுங்கோ."

பெரியப்பா யன்னல் பக்கம் பார்த்தபடி நின்றார். "ஏலாது, தம்பி" என்றார். அவ்வளவுதான்.

அப்பா குரலை உயர்த்தவில்லை. "இண்டைக்குத் திறக்காத வாய் இனி எங்களுக்குத் தேவையில்லை, அண்ணை" என்று சொல்லிவிட்டு என் கையைப் பிடித்தார். திரும்பி வரும்போது எஸ்-பான் ரயிலில் அப்பா என் கையை விடவே இல்லை. நான் அப்போது கையைப் பிடித்துக் கூட்டிப்போகும் வயதைத் தாண்டியிருந்தேன்.

அன்றோடு பெரியப்பா எங்கள் வீட்டுக்கு வருவது நின்றது. எங்கள் ஆட்களிடையேயும் கதை பரவியது. ஆப்கானிஸ்தானுக்காகப் பேசுவார், ஆபிரிக்காவுக்காகப் பேசுவார், பிறந்த மண்ணுக்காகப் பேசமாட்டார் என்றார்கள். விலைபோய்விட்டார் என்றும் சொன்னார்கள். தமிழ்க்கடையில் அவர் வரிசையில் நின்றால் முன்னால் நிற்பவர்கள் திரும்பிப் பார்ப்பதில்லை என்று அம்மா ஒருமுறை சொன்னா. அவர் தொலைக்காட்சியில் வரும்போது எங்கள் வீட்டில் அலைவரிசை மாற்றப்பட்டது. ஆனால் ஒரு சனிக்கிழமை மத்தியானம் நான் பகுதிநேர வேலையிலிருந்து நேரத்தோடு வந்தபோது, அப்பா தனியாகத் தொலைக்காட்சிக்கு முன்னால் இருந்தார். திரையில் பெரியப்பா. சத்தம் முழுவதுமாகக் குறைக்கப்பட்டிருந்தது. அண்ணனின் வாய் அசைவதை அப்பா பார்த்துக்கொண்டிருந்தார். என் காலடியைக் கேட்டதும் காற்பந்துக்கு மாற்றினார். "ஆர் வெல்லுறது?" என்று கேட்டேன். "இப்பத்தான் தொடங்கினது" என்றார்.

படிப்பு முடித்து நான் ஹம்பேர்க்கில் ஆவணப்படம் எடுக்கும் ஒரு சிறு நிறுவனத்தில் வேலைக்குச் சேர்ந்தேன். படத்தொகுப்பு உதவியாளர் என்று பெயர். ஆட்கள் குறைவான இடம் என்பதால் எல்லா வேலையும் செய்தேன். அங்கேதான் என்னுடைய சிறுவயதுப் புதிர் ஒன்று அவிழ்ந்தது. பேட்டி கொடுப்பவர் கமராவைப் பார்க்கக்கூடாது. கமராவுக்குப் பக்கத்தில் ஒரு கதிரை போட்டு, அதில் இருப்பவரைப் பார்த்துப் பேச வேண்டும். கேள்வி கேட்பவரின் குரலைப் பிறகு வெட்டிவிடுவார்கள். கதிரையில் இருந்தவர் படத்தில் எங்கும் இருக்கமாட்டார். ஆனால் பேசுபவரின் முகத்தில் இருக்கும் நம்பிக்கையோ எரிச்சலோ சலிப்போ, அந்தக் கதிரையில் இருந்தவரால் வந்தது. நல்ல இயக்குநர்கள் அதில் யாரை இருத்துவது என்று நாட்கணக்காக யோசிப்பார்கள்.

ஜேர்மன் சிப்பாய்கள் ஆப்கானிஸ்தானிலிருந்து திரும்பியதைப் பற்றி நாங்கள் ஒரு படம் எடுத்தபோது, கருத்துச் சொல்ல வருபவர் யாரென்று முதல்நாள் அட்டவணையில் பார்த்தேன். அன்று சுகவீன விடுப்பு எடுக்கலாமா என்றுகூட யோசித்தேன். போகாமல் விட்டால் அதற்காக வருந்துவேன், போனாலும் வருந்துவேன் என்று தோன்றியது. போனேன். பத்து வருடத்துக்கு மேல் கதைக்காத பெரியப்பாவின் சட்டையில் சின்ன மைக்கைக் குத்துவது என் வேலையாக இருந்தது. மண்ணிறக் கோட்டு போய்ச் சாம்பல் நிறக் கோட்டு வந்திருந்தது. நான் குனிந்து மைக்கின் கம்பியை மறைத்துக்கொண்டிருந்தபோது அவர் மெல்லச் சொன்னார்: "கை நடுங்குது, பிள்ளை. ஊசியெண்டால் இவ்வளவுக்கு என்னைக் குத்திப்போட்டிருப்பாய்."

இயக்குநர் வெளியே தொலைபேசியில் நின்றதால், பார்வையின் திசையைச் சரிசெய்யக் கமராக்காரர் என்னை அந்தக் கதிரையில் இருக்கச் சொன்னார். ஒலியைச் சரிபார்க்க, காலையில் என்ன சாப்பிட்டீர்கள் என்று கேட்பது எங்கள் வழக்கம். கேட்டேன். பெரியப்பா என்னை நேராகப் பார்த்துத் தமிழில் சொன்னார்: "காலமை பாணும் சம்பலும். போத்தில் சம்பல். கொம்மாவின்ரை மாதிரி வராது. கொப்பர் எப்பிடி? முழங்கால் நோ இன்னும் இருக்கோ?" ஒலிப்பதிவாளர் கட்டைவிரலை உயர்த்திக் காட்டினார். அவருக்குக் குரலின் அளவு சரியாக இருந்தது, அவ்வளவுதான். அப்பாவின் முழங்காலைப் பற்றிய கேள்விக்கு நான் தலையை ஆட்டினேன்.

பேட்டி முடிந்ததும் அந்த அறையின் வெறும் சத்தத்தைத் தனியாகப் பதிவு செய்வோம். வெட்டி ஒட்டும் இடங்களில் நிரப்ப அது தேவை. அதுவரை யாரும் அசையக்கூடாது, பேசக்கூடாது. கேள்வி கேட்ட இயக்குநர் குறிப்பேட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார். விளக்குகளுக்கு நடுவில் பெரியப்பா மடியில் கை வைத்தபடி இருந்தார். அவருக்கு இந்த மௌனம் பழகியிருந்தது. பேட்டி முடிந்து வீட்டுக்குப் போனால் அங்கேயும் இதே சத்தம்தான் இருக்கும் என்று அன்று எனக்குத் தோன்றியது. குளிர்சாதனப் பெட்டியின் முனகல், யன்னலுக்கு வெளியே ஒரு பஸ்.

அதற்குப் பிறகு இடைக்கிடை தொலைபேசியில் கதைத்தோம். அம்மாவுக்குத் தெரியும். அப்பாவுக்குச் சொல்லவில்லை. என் கலியாண அழைப்பிதழை அச்சடிக்கும்போது, பெரியப்பாவின் பெயரையும் போடுவோமா என்று அப்பாவிடம் கேட்டேன். அவர் எழுந்து போய்விட்டார். அழைப்பிதழ் வந்தபோது பார்த்தேன். எங்களை ஆசீர்வதிக்க அழைக்கும் உறவினர் வரிசையில், இறந்துபோன அப்பப்பாவின் பெயருக்கு முன் 'அமரர்' என்று இருந்தது. சித்தப்பாவின் பெயருக்கு முன் அந்தச் சொல் இல்லை. உயிரோடு இருப்பவராக, தம்பதிகளை வாழ்த்த எல்லோரையும் அழைப்பவராக அவர் இருந்தார். எங்கள் வீட்டில் சித்தப்பாவுக்குத் திவசம் இல்லை, மாலை போட்ட படம் இல்லை. ஊருக்குப் போய் வருபவர் ஒவ்வொருவரிடமும் அப்பா விசாரிப்பார். முகாம், சிறை, வேறு நாடு என்று எங்காவது இருப்பான் என்பார். பெரியப்பாவின் பெயர் அந்த அழைப்பிதழில் எங்கும் இல்லை.

கணவருக்கு எர்லாங்கனில் வேலை. நானும் இங்கே வந்தேன். ஹம்பேர்க்கிலிருந்து நாட்டின் மறுகோடி. கட்டடத்தில் இந்தியத் தமிழ்க் குடும்பங்கள் இரண்டு இருக்கின்றன, நல்லவர்கள். நான் 'கதைப்பம்' என்றால் அவர்களுடைய பிள்ளைகள் கதை சொல்லப்போகிறேன் என்று சுற்றி வந்து இருந்துவிடுவார்கள். கணவர் காலையில் சைக்கிளில் போனால் மாலையில்தான் வருவார். மகளுக்கு இன்னும் மூன்று வயது ஆகவில்லை. அவளோடு நாள் முழுவதும் கதைத்தபடி இருந்தும், மாலையாகும்போது நான் யாரோடும் கதைக்காதவள் போல் உணர்கிறேன். மாதத்துக்கு ஒருமுறை அம்மா ரயிலேறி வந்து ஒரு கிழமை நின்றுவிட்டுப் போவா. அந்தக் கிழமையை எண்ணித்தான் மற்றக் கிழமைகள் போகின்றன.

சென்ற இலையுதிர் காலத்தில் இங்குள்ள பல்கலைக்கழகத்தில் பேசப் பெரியப்பா வந்தார். ஐரோப்பாவிலேயே போர் நடக்கும் இந்த நாட்களில் அவரை மறுபடி எல்லா இடங்களுக்கும் கூப்பிடுகிறார்கள். பேச்சு முடிந்த மறுநாள் எங்கள் வீட்டுக்குச் சாப்பிட வந்தார். மெலிந்திருந்தார். படி ஏறி வந்ததும் கதவு நிலையைப் பிடித்தபடி கொஞ்ச நேரம் நின்றார். மகள் அவருடைய கையின் பின்புறத்தில் ஒட்டுப்படங்களை ஒட்டத் தொடங்கினாள், ஒரு யானை, ஒரு பலூன், இன்னொரு யானை. நான் புட்டும் கத்தரிக்காய்க் குழம்பும் வைத்தேன். சாப்பிட்ட பிறகு நான் மகளுக்கு அப்பிள் வெட்டிக்கொண்டிருந்தபோது சொன்னார்.

"பிள்ளை, சித்தப்பா இல்லை."

"எந்தச் சித்தப்பா?" என்று கேட்டேன். எனக்கு இருப்பது ஒரே சித்தப்பா. ஆனாலும் அப்படித்தான் கேட்டேன்.

அவர் சொன்னது இதுதான். கடைசிச் சண்டை தொடங்குவதற்கு முன்பே சித்தப்பா இறந்துவிட்டார். அவரோடு நின்ற ஒருவர் காயத்தோடு நாட்டைவிட்டு வெளியேறி நோர்வேக்கு வந்து சேர்ந்தார். பெரியப்பா அங்கே ஒரு கூட்டத்துக்குப் போனபோது அவர் தேடி வந்து சொன்னார். என் கண்ணுக்கு முன்னால் நடந்தது, என் கையாலேயே மண் போட்டேன் என்று. ஹம்பேர்க் திரும்பியதும் இதை அப்பாவிடம் எப்படிச் சொல்வது என்று பெரியப்பா யோசித்துக்கொண்டிருந்தபோதுதான் அப்பா ரயில் நிலையத்திலிருந்து நேரே போய், "தம்பி உள்ளுக்கை நிக்கிறான், அவனுக்காகக் கதையுங்கோ" என்று கேட்டிருக்கிறார்.

"மற்றச் சனத்துக்காகக் கதைச்சிருக்கலாமே, பெரியப்பா. அவ்வளவு சனம் உள்ளுக்கை நிண்டதுதானே."

"ஓம். அதைத்தான் நானும் இண்டைவரைக்கும் என்னட்டைக் கேக்கிறன்." கையிலிருந்த யானையைத் தடவிக்கொண்டு சொன்னார். "உனக்குத் தெரியும்தானே எங்கடை தொழில். நான் வாய் திறந்தால் முதல் கேள்வி, அங்கை உங்கடை ஆக்கள் ஆரும் இருக்கினமோ எண்டுதான். இருக்கிறான் எண்டால் பொய். இல்லை எண்டால் கொப்பர் அதை ரீவியிலை கேக்கிறார், தெருவிலை நிண்டுபோட்டு வந்து. அந்த நேரம் அவரை நிமித்தி வைச்சிருந்தது தம்பி இருக்கிறான் எண்ட நம்பிக்கை ஒண்டுதான், பிள்ளை."

"பிறகெண்டாலும் சொல்லியிருக்கலாமே."

"பிறகு அவர் கதவைத் திறக்கேல்லை."

நோர்வேயில் சொன்னவரும் சென்ற வருடம் இறந்துவிட்டாராம். பெரியப்பாவின் இதயம் பலவீனமாகிவிட்டதாக மருத்துவர்கள் சொல்லியிருக்கிறார்கள். "நானும் போனால், அவன் செத்தவன் எண்டு தெரிஞ்ச ஆள் உலகத்திலை ஒருத்தரும் இல்லை. ஒரு பிடி சோறு வைக்க ஆளில்லாமல் கிடக்கிறான்" என்றார். அதனால் இப்போது பேச முடிவெடுத்திருக்கிறார். பிறருடைய போர்களைப் பற்றிப் பேசியே வாழ்ந்த ஒருவர் என்று அவரைப் பற்றி ஒரு ஆவணப்படம் எடுக்கிறார்கள். இயக்குநர் என்னோடு முன்பு வேலை செய்தவர். தன் ஊரைப் பற்றி, தன் தம்பியைப் பற்றிக் கமராவுக்கு முன்னால் பேசப் பெரியப்பா முதன்முறையாகச் சம்மதித்திருக்கிறார். ஒரே ஒரு நிபந்தனை வைத்திருக்கிறார். கமராவுக்குப் பக்கத்துக் கதிரையில் நான் இருக்க வேண்டும்.

"ஏன் நான்?" என்று கேட்டேன். என் குரலில் கோபம் இருந்தது என்று பிறகு நினைத்துக்கொண்டேன். மகள் அப்பிள் துண்டைக் கீழே போட்டு, எடுத்து, வாயில் வைத்தாள். நான் தடுக்கவில்லை.

"உனக்குச் சொன்னால் கொப்பருக்குச் சொன்னமாதிரி. அவரின்ரை கண் உனக்கு" என்றார் பெரியப்பா.

மாலை ரயிலுக்கு அவரை அனுப்பிவிட்டு வந்து கணவரிடம் சொன்னேன். "நீ யோசிச்சு யோசிச்சே கிழவியாகிப் போடுவாய். அப்பாவிட்டைப் போய்ச் சொல்லிப்போடு. ஒருநாள் அழுவார், முடிஞ்சுது" என்றார். அவர் நல்ல மனிதர். எதையும் ஒருநாள் விஷயமாகப் பார்க்கத் தெரிந்தவர். எனக்கு அது வராது. சொன்னால் அப்பா உடைந்துபோவாரோ, அல்லது சொன்னவளுக்கும் கதவைச் சாத்துவாரோ, அம்மா இங்கே வருவது நின்றுவிடுமோ என்று ஒவ்வொன்றாக நினைத்தேன். பிறகு, இதில்கூட என் வசதியைத்தான் முதலில் பார்க்கிறேனா என்று நினைத்தேன். சொல்லாமல் விட்டால் ஒருநாள் படம் வெளிவரும். வரவேற்பறையில் தனியாக இருந்து அப்பா அதைப் பார்ப்பார். இம்முறை சத்தத்தைக் குறைப்பாரோ தெரியாது.

தைப்பொங்கலை ஒட்டி ஹம்பேர்க் போனேன், சொல்லிவிடுவது என்று. அப்பா குசினியில் நின்று வெங்காயம் வெட்டிக்கொண்டிருந்தார். வேலைக்கும் அதே, வீட்டுக்கும் அதே. அம்மா மகளைக் குளிக்க வார்த்துக்கொண்டிருந்தா. நான் பேச வாய் எடுப்பதற்கு முன் அவரே கேட்டார்.

"மற்ற அம்மப்பா வந்தவராம். உன்ரை மகள் சொல்லுறாள்."

"ஓம், அப்பா. அங்கை பேச வந்தவர். வீட்டையும் வந்தவர்."

கத்தி நிற்கவில்லை. "சாப்பிட்டவரோ?"

"ஓம். புட்டு."

"உறைப்புக் குறைச்சுப் போட்டனியோ? அவருக்கு நெஞ்செரிவு வாறது."

"குறைச்சுத்தான் போட்டனான்." பிறகு எப்படியோ சொல்லிவிட்டேன். "அப்பா, அவரைப் பற்றி ஒரு படம் எடுக்கினம். ஊரைப் பற்றிக் கதைக்கப்போறாராம்."

அப்பா குழாயைத் திறந்து கத்தியைக் கழுவினார். கழுவி முடித்தும் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. பிறகு பூட்டினார்.

"அண்டைக்கு ஏன் கதைக்கேல்லை எண்டு நான் அண்ணையை ஒருநாளும் கேக்கேல்லை. உனக்குத் தெரியுமோ?"

"ஏன் கேக்கேல்லை, அப்பா?"

"கேட்டால் சொல்லிப்போடுவார். அவருக்குப் பொய் சொல்ல வராது." வெட்டிய வெங்காயத்தைக் காட்டினார். "இதை அந்தக் கிண்ணத்திலை போடு, காயப்போகுது."

போட்டேன். குளியலறையிலிருந்து மகளின் சிரிப்புக் கேட்டது. அப்பாவின் கண்கள் கலங்கியிருந்தன. வெங்காயம் வெட்டினால் எல்லோருக்கும் கலங்கும். அவருக்குத் தெரிந்துவிட்டது, இவ்வளவு காலமும் தெரிந்துகொண்டேதான் கேட்காமல் இருந்திருக்கிறார் என்று எனக்கு அப்போது உறுதியாகத் தோன்றியது. ஆனால் மறுநாள் காலையில் அம்மா சின்ன அறையைத் துப்புரவாக்கி, மகளின் விளையாட்டுச் சாமான்களை அங்கே வைக்கலாம் என்று சொன்னபோது அப்பா, "வேண்டாம். தம்பி வந்தால் அந்த அறை வேணும்" என்றார். வழக்கமான குரலில் சொன்னார். தேநீர் கேட்பதுபோல. நான் சொல்ல வந்ததைச் சொல்லாமல் எர்லாங்கனுக்குத் திரும்பினேன். ரயிலில் மகள் என் மடியில் தூங்கிப்போனாள். தெரிந்தவருக்குச் சொல்வது ஒரு கொடுமை, தெரியாதவருக்குச் சொல்வது வேறொரு கொடுமை. அப்பா இதில் எவர் என்று இவ்வளவு வருடம் அவருடைய மகளாக இருந்தும் எனக்குத் தெரியவில்லை.

இப்போது அம்மாவுக்கும் தெரியாத ஒன்று எனக்குத் தெரியும். அப்பா ஞாயிற்றுக்கிழமைகளில் வீடியோவில் பேத்தியைப் பார்க்க அழைக்கிறார். "சித்தப்பா கண்டால் உன்னை உரிச்சு வைச்சிருக்கு எண்டு சொல்லுவான்" என்கிறார். நான் கமராவுக்கு முகம் தெரியாமல் கொஞ்சம் விலகி, மகளை முன்னால் தள்ளுகிறேன். பெரியப்பா அழைப்பதில்லை. அவசரப்படுத்த விரும்பவில்லை என்று இயக்குநரிடம் சொன்னாராம். இயக்குநருக்கு இந்த மாதம் முடிவதற்குள் பதில் வேண்டும். நான் மறுத்தால் பெரியப்பா பேசமாட்டார், படத்தில் மற்ற நாடுகளைப் பற்றி மட்டும் சொல்லுவார். சித்தப்பாவின் சாவு அவரோடும் எங்களோடும் நின்றுவிடும். சம்மதித்தால், அந்தக் கதிரையில் இருப்பதற்கு முன் அப்பாவுக்கு ஒரு பதில் சொல்ல வேண்டும்.

இதை வாசிக்கிறவர்களில் எங்களைப் போன்ற குடும்பங்கள் நிறைய இருக்கும் என்று தெரியும். திவசம் செய்யாமல், 'அமரர்' என்று எழுதாமல் ஒருவரை வைத்திருக்கிறவர்கள் இருப்பீர்கள். உங்களிடம்தான் கேட்கிறேன். அப்பாவிடம் நானே போய்ச் சொல்லட்டுமா? பெரியப்பாவைக் கூட்டிப்போய் அந்த வீட்டுக் கதவைத் தட்டட்டுமா? அல்லது அப்பா கேட்காமல் இருப்பதை அவருடைய விருப்பமாக மதித்துப் பேசாமல் விடட்டுமா? பிள்ளையாக இருந்து யோசிக்க என்னால் முடிகிறது. காத்திருக்கிறவராக இருந்து யோசிக்கத் தெரியவில்லை. நீங்கள் அப்படிக் காத்திருக்கிறவர் என்றால், அதை யாருடைய வாயால் கேட்க விரும்புவீர்கள் என்று எனக்கு எழுதுங்கள். கேட்கவே விரும்பமாட்டீர்கள் என்றால், அதையும் எழுதுங்கள்.